அவர் ‘மற்றும் பலர்’ இல்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன இதழில் பழைய ஹாலிவுட் படமான ‘காசாபிளாங்கா’ பற்றி நாலு பக்கம் போட்டிருந்தீர்கள். நாயகன் போகார்ட்டின் தொப்பிக்கு ஒரு பத்தி, நாயகி பெர்க்மனின் கண்ணுக்கு இரண்டு பத்தி. நல்லது. அப்புறம் போகிறபோக்கில் ஒரு வரி: ‘பிக்பாக்கெட் அடிப்பவராக வரும் ஒரு துணை நடிகர்கூடச் சிரிக்க வைக்கிறார்.’ அந்த ‘ஒரு’வும் ‘கூட’வும் மூன்று நாளாகத் தொண்டையில் மீன்முள் மாதிரி நிற்கின்றன.

அவர் பெயர் குர்ட் பாய்ஸ் என்பது உங்களுக்குத் தெரியாமல் இருக்காது. 1901-ல் பெர்லினில் பிறந்தவர், ஆறேழு வயதில் மேடையேறியவர். 1909-ல் வந்த ஒரு குட்டி ஊமைப்படத்தில் பசையை வைத்துக்கொண்டு அமர்க்களம் பண்ணும் பொடியன் அவர்தான். போகார்ட் அப்போது பள்ளிக்கூடத்தில் இருந்தார். 1927-ல் ‘பாப்பன்ஹைம் பிரபு’ படத்தில் இதே ‘ஒரு துணை நடிகர்’ பெண் வேடமெல்லாம் போட்டுக் கலக்கினார். நாஜிகள் அந்தக் காட்சியை வெட்டியெடுத்து 1940-ல் யூதர்களைத் தூற்றும் தங்கள் பிரச்சாரப் படத்தில் சேர்த்துக்கொண்டார்கள். யூதரான அவர் அதற்குள் தப்பி அமெரிக்கா போய்ச் சேர்ந்திருந்தார், அங்கே மறுபடி ஒண்ணாம் கிளாஸ், அதுவும் வேற்று மொழியில்.

காசாபிளாங்காவில் அவர் வரும் இடத்தை இன்னொரு முறை போட்டுப் பாருங்கள். வெள்ளைக்காரத் தம்பதியிடம் எவ்வளவு அக்கறையாகப் பேசுகிறார்! ஊரெல்லாம் பிணந்தின்னிக் கழுகுகள், ஜாக்கிரதை என்று எச்சரித்துவிட்டுப் போகிறார். அவர் போன பிறகு கணவர் சட்டைப் பையைத் தடவிப் பார்த்து, பர்ஸை ஹோட்டலிலேயே வைத்துவிட்டேன் போலிருக்கிறது என்கிறார். பிறகு போகார்ட் ரிக்காக வந்து நடத்தும் விடுதியில் பாய்ஸ் வெயிட்டர் கார்ல் மீது லேசாக இடிக்கிறார், அவ்வளவுதான், கார்ல் பதறிப்போய் தன் பைகளையெல்லாம் தட்டிப் பார்த்துக்கொள்கிறார். கார்லாக வரும் சகாலும் ஐரோப்பாவிலிருந்து தப்பி ஓடிவந்தவர்தான். அகதிகள் கதையை அகதிகளே நடித்த படம் சார் அது. நாலு பக்கத்தில் இதற்கு ஒரு வரி கிடைக்கவில்லையா?

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்பீர்கள். நான் ஒரு சபா நாடகக் குழுவில் பதினோரு வருடம் டாக்டராகவும் போஸ்ட்மேனாகவும் வந்தவன். அழைப்பிதழில் ஒரு தடவைகூட என் பெயர் வந்ததில்லை, எப்போதும் ‘மற்றும் பலர்’தான். என் அம்மா அந்த அழைப்பிதழ்களைச் சேர்த்து வைத்திருந்தார், அதில் நான் எங்கே இருக்கிறேன் என்று யாராவது கேட்டால் அந்த இரண்டு வார்த்தைகளின் மேல் விரலை வைத்துக் காட்டுவார்.

சரி, என் கதை போகட்டும். போன வருடம் ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ படத்துக்குக் குறிப்பு எழுதினீர்கள். ஸ்டில்லுக்குக் கீழே ‘தேவதையும் ஒரு முதியவரும்’ என்று போட்டீர்கள். அந்த முதியவரும் குர்ட் பாய்ஸ்தான்! 1950-ல் பெர்லினுக்குத் திரும்பி, 1952-ல் நாடகாசிரியர் பிரெக்ட்டின் குழுவில் அவர் நாடகத்தின் நாயகன் புன்டிலாவாக நடித்து, எண்பதைத் தாண்டிய வயதில் இந்தப் படத்தில் அதே ஊரில் பொட்ஸ்டாமர் பிளாட்ஸ் என்ற நாற்சந்தி எங்கே என்று பொட்டல்காட்டில் தேடுகிறார். கால் ஓய்ந்து, யாரோ தூக்கிப்போட்ட சோபாவில் உட்கார்ந்துவிடுகிறார். சிறுவனாக அவர் பார்த்த அந்த நாற்சந்தியை யுத்தமும் பெர்லின் சுவரும் துடைத்துவிட்டன, அதனால் அந்த இடத்தில் எது நடிப்பு என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. தேவதைகளாக வந்த புரூனோ கான்ஸும் ஓட்டோ சாண்டரும் அதற்கு முன்பே, 1982-ல், அவரையும் இன்னொரு மூத்த நடிகர் பெர்ன்ஹார்ட் மினெட்டியையும் பற்றி ஆவணப்படமே எடுத்திருந்தார்கள். அவர்களுக்கு அவர் ‘ஒரு முதியவர்’ இல்லை. அப்போதே உங்களுக்கு எழுதினேன். பாதியை வெட்டிவிட்டு, ‘குறிப்பு அருமை’ என்ற முதல் வரியை மட்டும் போட்டீர்கள், ரொம்ப நன்றி.

அந்தப் படத்துக்காக 1988-ல், முதல் ஐரோப்பியத் திரைப்பட விருதுகளிலேயே, சிறந்த துணை நடிகர் விருது அவருக்குத்தான். அங்கே அது மரியாதையான சொல். நம் ஊர்ப் பத்திரிகைகளில் சீட்டு மோசடியில் யாராவது கைதானால்தான் ‘துணை நடிகர்’ தலைப்புக்கு வருகிறார்.

அடுத்த இதழில் திருத்தம் என்று ஒரு மூலையில் அவர் பெயரைப் போடுங்கள், போதும். இடம் பற்றாவிட்டால் என் நாடகக் கதையை வெட்டிக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
இருபது வருட சந்தாதாரர்,
கும்பகோணம்