நாழிகைக்கொடிக்குக் களை பிடுங்குவது யார்?

சுங்கை சிப்புட், மலேசியா

அன்புள்ள பாப்பாவுக்கு அப்பா எழுதுவது.

இங்கே எல்லோரும் நலம். அம்மாவுக்கு முட்டிவலி மட்டும் விடவில்லை. உன் கணினி விளையாட்டுக்காக நீ எழுதிய நாழிகைக்கொடி விவரத்தை இரண்டு பேருமே படித்தோம். கொடி பூத்திருக்கும் வேலிக்குள் நேரம் மூன்று மடங்கு வேகமாக ஓடும், அதன் பாலில் ஒரு சொட்டு குடித்தால் போன வயது திரும்பும். நல்ல கற்பனைதான். ஆனால் அந்தத் தோட்டத்தில் ஆளையே காணோமே? மந்திரவாதி வருகிறான், வெள்ளிக் கத்தியால் கொடியைக் கீறுகிறான், போய்விடுகிறான். களை பிடுங்குவது யார், உரம் போடுவது யார்? தோட்டத் தொழிலாளர் லயத்தில் வளர்ந்த பிள்ளை இப்படி எழுதலாமா என்று அம்மாதான் முதலில் கேட்டாள்.

விதையிலிருந்து வருகிறேன். ஆயிரம் வருஷத்துக் கல்லறையில் அது கிடைத்ததாக எழுதியிருக்கிறாய். எனக்கு ஒப்பவில்லை. கித்தா விதை, அதாவது ரப்பர் விதை, சீக்கிரம் கெட்டுவிடும். 1876-இல் விக்ஹாம் என்ற வெள்ளைக்காரர் பிரேசிலிலிருந்து லண்டன் கியூ தோட்டத்துக்கு 70,000 விதை கொண்டுபோனார். முளைத்தது மூவாயிரத்துக்கும் குறைவு. அடுத்த வருஷம் சிங்கப்பூருக்கு வந்து சேர்ந்தது 22 கன்று. அதில் சில நம் கோலகங்சாருக்கு வந்தன. அந்தக் காலத்து மரம் ஒன்று அங்கே மாவட்ட அலுவலகத்துக்குப் பக்கத்தில் இன்னும் நிற்கிறது, நீயும் பார்த்திருக்கிறாய். காலத்தை வளைக்கும் செடி என்றால் அதன் விதை முதலில் தன் ஆயுளைத்தானே தின்னும்? பறித்த அன்றைக்கே ஊன்றாவிட்டால் கையிலேயே கிழடாகி உளுத்துப்போகட்டும். விதையை எடுத்துக்கொண்டு ஓடுவதே உன் விளையாட்டில் ஒரு கட்டமாகிவிடும்.

அப்புறம் பால். நாங்கள் விடியுமுன் நெற்றி விளக்கோடு கித்தாக் காட்டுக்குள் போனது ஆசைப்பட்டு இல்லை. இருட்டில் மரத்துக்குள் நீரழுத்தம் நிறைந்திருக்கும், உளி பட்டதும் பால் மரத்தில் கட்டிய மங்குக்கு ஓடிவரும். வெயில் ஏறி இலை நீரை விட ஆரம்பித்தால் ஓட்டம் குறைந்துவிடும். அளவுக்கு மீறி வெட்டினால் பட்டை வறண்டு, அந்த மரம் பாலே தராது. உன் கொடிக்கும் இப்படி ஓர் எல்லை வேண்டும். அதிகம் கீறிய கொடி வறளும்போது நேரக்கணக்கு தலைகீழாகட்டும், உள்ளே மெதுவாக, வெளியே வேகமாக. உள்ளே ஒரு நிரை முடித்துவிட்டு வெளியே வந்தவன், தான் தொட்டிலில் விட்டுப்போன பிள்ளை மீசையோடு நிற்பதைப் பார்க்கட்டும். எந்தக் கொடி வறண்டிருக்கிறது என்று தூரத்தில் நின்று சொல்லத் தெரிந்தவன்தான் அந்தத் தோட்டத்தில் பிழைப்பான்.

ஆபத்து என்று நீ எழுதியிருப்பது பக்கத்தில் போனாலே மரணம். அது பழைய ஐரோப்பியக் கட்டுக்கதை. ஜாவாவில் ஒரு நச்சு மரம், சுற்றிலும் பல மைல் எதுவும் உயிரோடிருக்காது என்று ஐரோப்பாவில் நம்பினார்கள். அந்த மரம்தான் இங்கே ஈப்போ மரம், நகரத்துக்கே அதன் பேர்தான். கீழே நின்றால் ஒன்றும் ஆகாது. அதன் பாலை இங்குள்ள பழங்குடிகளான ஓராங் அஸ்லி மக்கள் ஊதுகுழல் அம்பில் தடவுவார்கள். இரத்தத்தில் கலந்தால்தான் அது இதயத்தை நிறுத்தும். அதை வெட்டிப் பாலெடுத்து வாழ்ந்த மக்களும் இருக்கிறார்கள்.

எனக்குத் தெரிந்த ஆபத்து மெதுவாக வருவது. அம்மா தோட்டத்தில் களைக்கு மருந்தடித்த காலம் உனக்கு அரைகுறையாக நினைவிருக்கும். முதுகில் மருந்துத் தோம்பு, கையுறை கிடையாது. நகம் கறுத்து விழுந்தது, சில நாள் மூக்கில் இரத்தம் வந்தது. மறுநாள் மறுபடி ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் போய் நின்றாள். பெரும்பாலும் பெண்களுக்குத்தான் அந்த வேலை கொடுப்பார்கள். பாராகுவாட் என்ற களைக்கொல்லிக்கு இந்த நாட்டில் முழுத் தடை வந்தது 2020-இல்தான். இதை நான் ஆறின மனதோடு எழுதவில்லை, எழுதவும் முடியாது.

அதனால் உன் தோட்டத்தில் வேலை செய்பவளுக்கு ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். காலையில் வேலிக்குள் போய் மத்தியானம் வெளியே வந்தால் வெளியே ஆறு மணி நேரம், உள்ளே பதினெட்டு. மூன்று வேளைச் சோறு கட்டிக்கொண்டுதான் போகவேண்டும். ஆனால் கடிகாரம் தொங்குவது ஆபீஸ் சுவரில். ஆபீஸ் எழுத்தரான கிராணி அதைப் பார்த்துத்தான் பேர் போடுவார், ஆறு மணி நேரத்துக்குத்தான் கூலி. பத்து வருஷம் நாள் தவறாமல் போனவளுக்குப் பதினைந்து வயது கூடியிருக்கும். தங்கையோடு கடைக்குப் போனால் அம்மாவும் மகளுமா என்று கேட்பார்கள். போன வயதைத் திருப்பும் பால் அவள் கையில்தான் ஒழுகுகிறது. ஆனால் வாசலில் சோதனை, விரலைக் கழுவிக் காட்டிவிட்டுத்தான் போகவேண்டும். அந்தக் கழுவுத் தண்ணீர் எங்கே போகிறது? அதை நீ யோசி. எனக்கென்னவோ உன் கதை அந்த வாய்க்காலில்தான் இருக்கிறது. அரண்மனையில் இல்லை.

மகரந்தத்துக்கு ஒரு பூச்சியும் வை. எண்ணெய்ப் பனையான செம்பனைக்கு இங்கே ஆட்கள்தான் கையால் மகரந்தம் தூவினார்கள். 1981-இல் கேமரூனிலிருந்து ஒரு சின்ன வண்டைக் கொண்டுவந்து விட்டதும் அந்த வேலை போய்விட்டது. வேலை போனவர்களையும் எழுது.

மந்திரவாதியை எடுத்துவிடச் சொல்லவில்லை, இருந்துவிட்டுப் போகட்டும். சம்பள நாளன்று மட்டும் அவனைத் தோட்டத்துக்கு வரவழை. மருந்தடிக்கிற பெண்கள் என்ன பேசிக்கொள்வார்கள் என்று தெரியாவிட்டால் இரவு எட்டு மணிக்கு மேல் அம்மாவைக் கூப்பிடு. அவள் சொல்வதில் பாதியை விளையாட்டில் போட முடியாது, அதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன்.

அன்புடன்,
அப்பா