கைப்பையில் இருந்த மூன்று அட்டைகள்

பாலக்கோடு,
ஞாயிறு இரவு

கண்ணு,

ஆடிப் பதினெட்டுக்கு வந்துவிட்டு நீ பெங்களூர் பஸ் ஏறியதிலிருந்து எனக்கு ஒரே யோசனை. ஒகேனக்கல்லில் குளிக்கப் போகும்போது கைப்பையை என்னிடம் கொடுத்தாயே, அதில் சீப்பு தேடினேன். மூன்று மாத்திரை அட்டைகள் இருந்தன. நோன்பு நாளும் அதுவுமாகக் கேட்க மனம் வரவில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

ஒன்று, அசிக்ளோஃபினாக்கும் பாராசிட்டமாலும் சேர்ந்த முதுகுவலி மாத்திரை. அடுத்தது டோலோ 650. மூன்றாவது சளி மாத்திரை. மூன்றிலும் பாராசிட்டமால் இருக்கிறது, பார்த்தாயா? முதுகுக்கு இரண்டு வேளை போட்டால் 650 மில்லிகிராம். டோலோ மூன்று வேளைக்கு 1,950. சளி மாத்திரை 500 வீதம் மூன்று வேளைக்கு 1,500. கூட்டினால் 4,100. பெரியவர்களே ஒரு நாளைக்கு 4,000-ஐத் தாண்டக் கூடாது. அளவோடு போட்டால் பாராசிட்டமால் நல்ல மாத்திரைதான். கிராம நர்ஸாக இருந்த 31 வருடமும் காய்ச்சலுக்கு அதைத்தான் கொடுத்தேன். அளவு மீறினால் ஈரல் கெடும், முதல் நாளில் ஒன்றும் பெரிதாக வெளியே தெரியாது.

ஆனால் எனக்கு அதைவிடப் பயம், கூடவே இருக்கும் அசிக்ளோஃபினாக்கை நினைத்துத்தான். அதுவும் டைக்ளோஃபினாக்கும் ஐபுப்ரோஃபெனும், பள்ளிக்கூட நாளில் மாதவிடாய் வலிக்கு நான் உனக்குக் கொடுத்த மெஃபனாமிக் ஆசிடும் ஒரே குடும்பம். வலியையும் வீக்கத்தையும் கிளப்பிவிடும் புரோஸ்டாகிளாண்டினை உடம்பு சுரக்க விடாமல் தடுக்கின்றன. அதே புரோஸ்டாகிளாண்டின்தான் இரைப்பையின் உட்சுவருக்குக் காவல், சிறுநீரகத்துக்கு ரத்தம் குறையாமல் பார்த்துக்கொள்வதும் அதுதான். சாப்பிட்ட பிறகு இரண்டு மூன்று நாள் போட்டால் ஆரோக்கியமாக இருக்கும் பெரும்பாலானவர்களுக்கு ஒன்றும் ஆகாது. நீ மாதக்கணக்கில் போடுகிறாய். கேஸ் மாத்திரையும் சேர்த்துப் போடுகிறேன் என்பாய். அது வயிற்றைத்தான் காக்கும், சிறுநீரகத்தைக் காக்காது.

அப்பாவுக்கு நடந்ததை உனக்கு முழுதாகச் சொன்னதில்லை. ரத்தத்தில் உப்பு கொஞ்சம் கூடியிருக்கிறது என்று மட்டும் போனில் சொல்லி வைத்தேன். நம் பக்கத்து போர் தண்ணீரில் புளோரைடு அதிகம் என்பது உனக்குத் தெரியும். உன்னோடு படித்த பிள்ளைகளுக்குப் பல்லில் பழுப்புக் கறையாக வந்தது, பெரியவர்களுக்கு மூட்டிலும் முதுகெலும்பிலும் இறங்கியது. 2013-இல் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வருவதற்குள் அப்பா அந்தத் தண்ணீரை அரை ஆயுள் குடித்து முடித்திருந்தார். முழங்காலை மடக்க முடியாது. மருந்துக்கடையில் மூட்டுவலிக்கு என்று கேட்டால் அட்டையிலிருந்து நாலைந்து வெட்டி, காகித உறையில் போட்டுத் தருவார்கள். வெட்டிய துண்டில் பெயர்கூட இருக்காது. அதை முழுங்கிவிட்டுத்தான் தக்காளி பறிக்கப் போவார்.

ஊரெல்லாம் வீடு வீடாகப் போய், என்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள் என்று கேட்டவள் நான். என் வீட்டில் கேட்கவில்லை. காலையில் அவர் முகம் உப்பி, கால் வீங்கிய பிறகுதான் ரத்தம் எடுத்துப் பார்த்தோம். சிறுநீரகம் வடிகட்டி வெளியே தள்ள வேண்டிய கழிவான கிரியாட்டினின் 3.4, ரொம்ப அதிகம். பிரஷர் மாத்திரையோடு நாலு வருடம் டைக்ளோஃபினாக் போட்டிருக்கிறார். சில பிரஷர் மாத்திரைகளோடு அது சேர்ந்தால், அதுவும் வெயிலில் வேர்த்து, தண்ணீர் குடிக்காமல் உழைக்கிறவருக்கு, சிறுநீரகம் தாங்காது. டாக்டர் இதைச் சொன்னபோது நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது மாடு செத்தால் வானத்தில் பாறுக் கழுகு வட்டமிடும். நீ ஒன்றைக்கூடப் பார்த்திருக்க மாட்டாய். மாட்டுக்குப் போட்ட டைக்ளோஃபினாக், செத்த மாட்டைத் தின்ற கழுகின் சிறுநீரகத்தைக் கெடுத்துக் கூட்டம் கூட்டமாகக் கொன்றது. 2006-இல் மாட்டுக்கு அதைப் போடக் கூடாது என்று தடை வந்தது. மனுஷ உடம்பு அந்தக் கழுகைவிடக் கூடுதலாகத் தாங்கும், அவ்வளவுதான்.

அப்புறம், உன் அறைத் தோழி ட்ராமடால் என்ற வலி மாத்திரை தருகிறேன் என்றாளாமே, வாங்காதே. அது அபின் வகையைச் சேர்ந்த மருந்து, பழகிவிடும். 2018-இல் போதைப்பொருள் சட்டத்துக்குள் கொண்டுவந்துவிட்டார்கள். அம்மாயிக்குப் புற்றுநோய் முற்றிய நாட்களில் மார்பின் கொடுத்தோம், அதனால்தான் அவள் கடைசி இரண்டு மாதம் இராத்திரியில் தூங்கினாள். அந்த வலிக்கு அது வேண்டும், யாரும் தயங்கக் கூடாது. நாற்காலியில் உட்கார்ந்து வருகிற முதுகுவலிக்கு எதற்கு?

உன் தலைவலிக்கும் ஒன்று சொல்கிறேன். மாதத்தில் பாதி நாளுக்கு மேல் வலி மாத்திரை போட்டால், அந்த மாத்திரையாலேயே தலைவலி திரும்பத் திரும்ப வரும். இப்போது மழைக்காலம், டெங்கு வேறு வரும். காய்ச்சல் அடித்தால் பாராசிட்டமால் மட்டும் போடு. மற்றதை ரத்தப் பரிசோதனை முடியும்வரை தொடாதே, ரத்தக்கசிவு ஆகிவிடும். முதுகுக்கு ஜெல் தடவிக்கொள், மாத்திரை அளவுக்கு அது ரத்தத்தில் கலக்காது. இந்த வாரமே பிசியோதெரபிஸ்ட் ஒருவரைப் பார். கிரியாட்டினினும் ஒரு தடவை பார்த்துவிடு, பணம் நான் அனுப்புகிறேன்.

சனிக்கிழமை வருவாய் அல்லவா, அந்த மூன்று அட்டைகளையும் அப்படியே எடுத்து வா. அப்பாவின் மாத்திரை டப்பாவையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு, ஒவ்வொன்றின் பின்பக்கத்தையும் மூன்று பேரும் உட்கார்ந்து படிப்போம். ராகி மாவு அரைத்து வைத்திருக்கிறேன்.

அம்மா