அம்மிணிக்கு, அந்த இரும்புப் பெட்டியைப் பத்தி

அம்மிணி,

நல்லா இருக்கியா. நானும் அம்மாவும் சௌக்கியம், ஊருக்கு வந்து மூணு வாரம் ஆச்சு, அம்மாவுக்கு இப்பத்தான் ராத்திரில தூக்கம் வருது. அமெரிக்காவுல உங்க வீட்டுக்கு வந்திருந்தப்ப, வில்மிங்டன்ல அந்தப் பழைய போர்க்கப்பலைப் பாத்துட்டு ராலேவுக்குத் திரும்பி வர்றப்ப கார்ல நீ கேட்ட, "ஒரு மணி நேரமா அந்தப் பெட்டிகிட்டயே நின்னீங்களேப்பா, அப்படி அதுல என்னதான் இருக்கு"ன்னு. எனக்கு அப்ப வார்த்தை வரல, மாப்பிள்ளை பசிக்குதுன்னாரு, குட்டி தூங்கிட்டான், பேச்சு வேற பக்கம் போயிருச்சு. ஆனா அது மனசுலயே கிடக்குது, அதான் உக்காந்து டைப் பண்றேன், பொறுமையா படி.

நார்த் கரோலினா கப்பல்ல மேல் தளத்துல இருக்கற ஒம்போது 16 இஞ்ச் பீரங்கியத்தான் எல்லாரும் போட்டோ எடுத்தாங்க. ஒரு குண்டு 1,225 கிலோ, 30 கிலோமீட்டருக்கு மேல போகும், பெரிய விஷயந்தான், ஆனா அத்தனை தூரம் போக அதுக்கு ஒரு நிமிஷத்துக்கு மேல ஆகுது பாரு, அதுலதான் சிக்கலே. 30 நாட் வேகத்துல ஓடற எதிரிக் கப்பல் ஒரு நிமிஷத்துல 900 மீட்டர் தாண்டிப் போயிரும். இப்ப இருக்கற இடத்தைப் பாத்துச் சுட்டா குண்டு தண்ணியிலதான் விழும், குண்டு போய்ச் சேர்ற நேரத்துல அவன் எங்க இருப்பான்னு கணக்கு போட்டுச் சுடணும், அதுவும் நம்ம கப்பலும் ஓடிக்கிட்டு ஆடிக்கிட்டு இருக்கறப்ப. காத்து, வெடிமருந்தோட சூடு, குழாய் எவ்வளவு தேஞ்சிருக்கு, குண்டு சுத்திக்கிட்டே போறதால ஒரு பக்கம் ஒதுங்கறது, பூமி சுத்தறது, இத்தனையும் அதுல சேரணும். 1914-ல எம்டன் மெட்ராஸ்ல எண்ணெய் டேங்க்கைச் சுட்டுச்சே, அந்த டேங்க் எங்கயும் ஓடல, அதுக்கு இந்தக் கணக்கெல்லாம் வேண்டியதே இல்ல. ஓடறதை ஓடிக்கிட்டே சுடறதுதான் கஷ்டம்.

நாம கீழ இறங்கிப் போன பிளாட்டிங் ரூம்ல, அதான் குறிக்குக் கணக்கு போடற ரூம்ல, இருந்த பெட்டி இந்தக் கணக்கைத்தான் போட்டுச்சு. பேரு ரேஞ்ச்கீப்பர், மார்க் 8. மேல கண்ணாடியில ரெண்டு வட்டம் இருந்துச்சே, உள்ள மேலேருந்து பாக்கற மாதிரி சின்னதா கப்பல் படம் போட்டு, ஒண்ணு நம்ம கப்பல் இன்னொண்ணு எதிரிக் கப்பல், நிஜக் கப்பல் எந்தப் பக்கம் திரும்புதோ அதுவும் திரும்பும். அந்த ரூம்ல வேலை பாத்தவங்க சண்டை நடக்கறப்ப கடலைப் பாக்கவே மாட்டாங்க, நாலு பக்கமும் இரும்பு, அவங்களுக்குக் கடல்னா அந்த ரெண்டு வட்டந்தான்.

நீ பாக்கற கம்ப்யூட்டர் எல்லாத்தையும் எண்ணா மாத்தித்தான் கணக்கு போடும். இதுக்குள்ள எண்ணே கிடையாது அம்மிணி. ஷாஃப்ட் எத்தனை சுத்து சுத்துச்சோ அதுதான் தூரம். கூட்டணும்னா ஒரு டிஃபரன்ஷியல் கியர், கார் பின்னாடி ஆக்ஸில்ல இருக்குமே அதே சங்கதி. குண்டு எவ்வளவு தூரத்துக்கு எவ்வளவு நேரம் எடுக்கும்ங்கற பட்டியல் முழுக்க ஒரு கேமோட, அதான் ஓரம் வளைஞ்சு நெளிஞ்ச ஒரு இரும்புத் துண்டோட, வளைவுலயே வெட்டி வெச்சிருக்கும், அதை ஒரு பின் தடவிக்கிட்டே போகும். நான் முப்பத்தஞ்சு வருஷம் பட்டறையில கேம் வெட்டி ஃபைல் போட்டவன், வளைவு ரெண்டு தவு (ஒரு தவுன்னா இஞ்ச்ல ஆயிரத்துல ஒரு பங்கு) தப்பினா மெஷின் எப்படி உதறும்னு கைக்குத் தெரியும். இதுல ரெண்டு தவு தப்பினா குண்டு எங்க போய் விழும்னு யோசிச்சேன், அங்கயே கால் நின்னுபோச்சு.

எனக்கு ரொம்பப் பிடிச்சது இன்டெக்ரேட்டர், மாறிக்கிட்டே இருக்கற வேகத்தை நிக்காம கூட்டிக்கிட்டே போற பாகம். ஒரு தட்டையான டிஸ்க், மோட்டார் அதை ஒரே வேகத்துல சுத்தும், அதான் கடிகாரம். அதுமேல ஒரு எஃகுப் பந்து, அதுக்கு மேல இன்னொரு பந்து, அதுக்கும் மேல ஒரு ரோலர். நம்ம ஊர்ல களத்துல பொணையல் ஓட்டறதை நீ சின்ன வயசுல பாத்திருக்க, நடுவுல கட்டின மாடு நின்ன எடத்துலயே திரும்பும், ஓரத்து மாடு ஓடணும். அதேதான் இதுவும். பந்து நடு மையத்துல இருந்தா சுத்தாது, ஓரத்துக்குத் தள்ளத் தள்ள வேகமாச் சுத்தும், மையத்தைத் தாண்டி அந்தப் பக்கம் போனா திருப்பிச் சுத்தும். எதிரி எவ்வளவு வேகமா கிட்ட வர்றானோ அந்த அளவுக்குப் பந்தைத் தள்ளி வெச்சா, ரோலர் சுத்தற சுத்துதான் தூரம் எவ்வளவு குறைஞ்சுச்சுங்கற கணக்கு, நிக்காம வந்துக்கிட்டே இருக்கும். ஒரு பந்து போதாதான்னு கேப்ப. ஒரே பந்தா இருந்தா அதைப் பக்கவாட்டுல தள்றப்ப ரோலர்ல உரசித் தேயும், ரெண்டு இருந்தா ஒண்ணு மேல ஒண்ணு உருண்டு நகந்துரும். யோசிச்சவன் கையைக் கண்ணுல ஒத்திக்கலாம்.

யோசிச்சவங்க யாருன்னு பாத்தா இன்னும் ஆச்சரியம். இங்கிலாந்துல இதுக்காக அலைஞ்ச ஆர்தர் போலன் கடற்படைக்காரரே இல்ல, அச்சு எழுத்து கோக்கற லைனோடைப் மெஷின் கம்பெனிய நடத்தினவரு. 1900-ல மால்டாவுல பீரங்கிப் பயிற்சியைப் பாத்துட்டு, இவ்வளவு கிட்டத்துல சுட்டும் படலையேன்னு இறங்கினாரு. கடற்படை ட்ரேயர்ங்கற ஆபீசரோட மெஷினைத்தான் பெரும்பாலும் எடுத்துக்கிச்சு, கடைசில 1925-ல போலனுக்கு 30,000 பவுண்ட் குடுத்தாங்க. அமெரிக்காவுல ஹானிபால் ஃபோர்டு, கார் ஃபோர்டு இல்ல, இவரு ஆரம்பத்துல டைப்ரைட்டர் கம்பெனில வேலை பாத்தவரு. அவரோட முதல் ரேஞ்ச்கீப்பர் 1916-ல டெக்சஸ் கப்பல்ல ஏறுச்சு. எழுத்து மெஷின்ல கை பழகினவங்க ரெண்டு பேரும் இதுல வந்து நின்னிருக்காங்க.

பெட்டி தானா எல்லாத்தையும் சரியாச் சொல்லிராது. மேல கோபுரத்துல டைரக்டர்ல, அதான் குறி பாக்கற கருவில, இருக்கறவன் தண்ணி எங்க எழும்புதுன்னு பாத்துச் சொல்லணும், ஒவ்வொரு கப்பலோட குண்டுக்கும் வேற வேற கலர்ல சாயம், நம்ம குண்டு எதுன்னு தெரியறதுக்கு. அவன் சொல்றதைக் கீழ இருக்கறவன் கைப்பிடியைத் திருப்பி உள்ள குடுப்பான், அடுத்த குண்டு இன்னும் கிட்டப் போகும். குட்டி இழுத்துப் பாக்கணும்னு அடம் புடிச்சானே பித்தளை ட்ரிகர், அதுக்குப் பக்கத்துல இருந்த ஜைரோ, அதான் கப்பல் ஆடினாலும் தான் சாயாம சுத்தற சக்கரம், கப்பல் சமமா வர்ற நேரத்தைப் பாத்துச் சுடறதுக்கு.

இதே மாதிரிப் பெட்டி இருந்த அயோவா வகைக் கப்பல்களை 1980கள்ல திரும்ப ஓட்ட எடுத்தப்பவும் இதை எடுத்துப் போடல. 1991 வளைகுடாப் போர்ல மிசௌரியும் விஸ்கான்சினும் இதை வெச்சேதான் சுட்டுச்சு. நீ பழைய கம்ப்யூட்டர் ப்ரோகிராமைப் பாத்தாலே மாத்தி எழுதணும்னு சொல்லுவியே, எனக்கு அது ஞாபகம் வந்துச்சு.

அம்மா அங்கயே கேட்டா, "ஆளைக் கொல்றதுக்கா இத்தனை மூளை"ன்னு. அதுக்கு எங்கிட்ட பதில் இல்ல அம்மிணி. அந்தக் கப்பல்ல செத்த பையனுங்க பேரையும் நான் நின்னு படிச்சேன், குண்டு போய் விழுந்த பக்கமும் பையனுங்கதான்.

இங்க வந்ததும் லேத்துல ஒரு பித்தளை டிஸ்க் கடைஞ்சேன், அஞ்சு இஞ்ச். பழைய பேரிங்கை உடைச்சு ரெண்டு பந்து எடுத்து வெச்சிருக்கேன், ரோலர்தான் பாக்கி, டிஸ்க்குல இன்னும் ஒரு தவு ஆட்டம் இருக்கு, அதை எடுத்துட்டு மோட்டார் மாட்டணும். லீவுக்கு வர்றப்ப குட்டிய கூட்டிட்டு வா, பந்தை அவனே நடு மையத்துல வெக்கட்டும், டிஸ்க் சுத்தறப்ப பந்து மட்டும் நிக்கறதை அவன் கண்ணால பாக்கணும்.

அப்பா