வெள்ளை ரண் ‘பௌர்ணமி ஸ்பெஷல்’ பஸ் டூர்: கட்டணத்தைத் திருப்பித் தரக் கோரிப் புகார்

அனுப்புநர்:
முன்பதிவு ரசீதில் உள்ள பெயர், முகவரி,
தூத்துக்குடி.

பெறுநர்:
நிர்வாக இயக்குநர் அவர்கள்,
தலைமை அலுவலகம்,
சென்னை.

பொருள்: 2025 டிசம்பர் குஜராத் கட்ச் பட்ஜெட் பஸ் டூரில் வெள்ளை ரண் (உப்புப் பாலைவனம்) காட்டப்படாதது, கட்டணத்தைத் திருப்பித் தருவதும் எழுத்தில் மன்னிப்பு கேட்பதும் தொடர்பாக.

ஐயா / அம்மா,

வணக்கம். இந்த விஷயமாக உங்கள் ஆட்களிடம் பேசிப் பேசி ஓய்ந்துபோய்த்தான் இதை நேரடியாக உங்களுக்கே எழுதுகிறேன். மதுரைக் கிளையில் கேட்டால் சென்னையைக் கேளுங்கள் என்கிறார்கள். சென்னையில் கேட்டால் ஆபரேஷன்ஸ் பிரிவு என்கிறார்கள். ஆபரேஷன்ஸ் எண்ணில் எடுப்பவர் அது அகமதாபாத் லோக்கல் பார்ட்டி செய்த தவறு என்கிறார். அகமதாபாத்காரர் இந்தியில் நாலு வார்த்தை பேசிவிட்டு, புக் பண்ணின இடத்திலேயே பேசிக்கொள்ளுங்கள் என்று வைத்துவிடுகிறார். பொங்கலும் வந்து போய்விட்டது. இதற்கிடையில் ‘உங்கள் புகார் தீர்க்கப்பட்டது’ என்று என் செல்போனுக்கு ஒரு குறுஞ்செய்தி வருகிறது. யார் தீர்த்தார்கள், என்ன தீர்த்தார்கள்? தயவுசெய்து இந்தக் கடிதத்தையாவது முழுதாகப் படியுங்கள்.

எங்கள் முன்பதிவில் மூன்று பேர்: என் அப்பா, அம்மா, நான். தலைக்கு 19,900 ரூபாய். அதற்கு மேல் ‘பௌர்ணமி ஸ்பெஷல்’ என்று தலைக்கு 2,000 ரூபாய். ஆக 65,700 ரூபாய். ரசீது இணைத்திருக்கிறேன். பட்ஜெட் டூர் என்றால் என்ன என்பது எங்களுக்குத் தெரியும். நவஜீவன் எக்ஸ்பிரஸில் ஸ்லீப்பர் கோச்சில் அகமதாபாத் வரை போனதைப் பற்றி நான் ஒரு குறையும் சொல்லவில்லை. கட்ச்சின் பூஜ் நகரில் ஓட்டல் அறையில் வெந்நீர் வரவில்லை, அதையும் விட்டுவிட்டேன். அந்தக் கூடுதல் 2,000 ரூபாய் எதற்கு? பௌர்ணமி நிலவில் வெள்ளை ரண்ணைப் பார்ப்பதற்கு. உங்கள் விளம்பரத்தில் படமே அதுதான்.

முதலில் போன் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது இன்னும் என் காதில் நிற்கிறது. சென்னை அலுவலகத்தில் வாடிக்கையாளர் சேவைப் பிரிவில் ஓர் ஆள். பெயர் கேட்டேன், சொல்லவில்லை. நான் நடந்ததை எல்லாம் சொல்லி முடிக்கும்வரை கேட்டுக்கொண்டிருந்துவிட்டு அவர் சொன்னது இது: “என்ன மேடம், உப்புதானே? தூத்துக்குடியில இல்லாத உப்பா?” பக்கத்தில் இன்னொருவர் சிரிப்பது எனக்குக் கேட்டது.

ஐயா, என் அப்பா நாற்பது வருடத்துக்கு மேல் உப்பளத்தில் வேலை பார்த்தவர். தை மாசம் பாத்தி மிதிப்பதில் தொடங்கி, ஐப்பசி மழை இறங்கும்வரை வெயிலில் நின்று உப்பு வாரியவர். அந்த வெள்ளையில் அடிக்கிற வெயிலைப் பார்த்துப் பார்த்து இரண்டு கண்ணும் கெட்டு, புரை எடுத்தாகிவிட்டது. காலில் வெடிப்பு ஆறியதே இல்லை. உப்பைப் பற்றி உங்கள் ஆள் அவருக்குப் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

அவர் ஏன் அங்கே போக ஆசைப்பட்டார் என்று உங்கள் ஆட்கள் ஒருவர்கூடக் கேட்கவில்லை. நானே சொல்கிறேன். எங்கள் பக்கம் உப்பு என்றால் வரப்பு கட்ட வேண்டும், தண்ணீர் பாய்ச்ச வேண்டும், பதம் பார்க்க வேண்டும், மழை வந்தால் எல்லாம் போச்சு. கட்ச்சில் பருவமழைக் காலத்தில் கடல் தண்ணீரும் மழைத் தண்ணீரும் ரண்ணில் ஏறி நிற்கிறது, பிறகு அதுவாகவே வற்றுகிறது, பனிக்காலத்தில் கண்ணுக்கு எட்டிய தூரம் உப்பு இறுகிக் கிடக்கிறது. வரப்பு இல்லை, பாத்தி இல்லை, வாருவதற்கு ஆளும் இல்லை. டி.வி.யில் அதைப் பார்த்த நாளிலிருந்து, “யாரும் விளைவிக்காத உப்பு தாயி, அதுல ஒரு நடை நடக்கணும்” என்று சொல்லிக்கொண்டே இருந்தார். எங்கள் ஊரில் மழையால் அளம் ஓய்ந்து கிடக்கும் மாதங்களில்தான் அங்கே ரண் வெளுக்கிறது. அதனால்தான் டிசம்பர் தேதி பார்த்து, அதிலும் பௌர்ணமி பார்த்து, உங்களிடம் பணம் கட்டினோம். கார்த்திகை தீபத்துக்கு வீட்டில் விளக்கு வைக்காமல் கிளம்பி வந்தார் என் அம்மா.

டிசம்பர் 4, வியாழன், பௌர்ணமி. அன்று மதியமே பூஜிலிருந்து கிளம்பி, சாயங்காலம் சூரியன் மறையும்போது தோர்டோ கிராமத்து வெள்ளை ரண்ணில் நிற்போம் என்பது உங்கள் பயணத் திட்டத்தில் அச்சடித்த வரி. தூரம் சுமார் 80 கிலோமீட்டர். ஆனால் பஸ்ஸை ஊர் எல்லையிலேயே ஒரு கைவினை ஷோரூம் வாசலில் நிறுத்திவிட்டார் உங்கள் கைடு. “அரை மணி நேரம், எல்லாரும் இறங்குங்க” என்றார். நிரோணா கிராமத்துக்குப் போய் ரோகன் என்ற துணி ஓவிய வேலை செய்வதைப் பார்ப்பது என்று திட்டத்தில் இருந்ததே, அதற்குப் பதிலாகத்தான் இந்த ஷோரூமாம். ஆமணக்கு எண்ணெயைக் காய்ச்சி, அதில் நிறம் குழைத்து, குச்சியால் துணியில் இழை இழையாக வரைகிறவர்களின் வீட்டுக்குப் போக வேண்டிய நாங்கள், சால்வை அடுக்கிய கடையில் நின்றோம். வாங்காதவர்களைக்கூட உள்ளேயே உட்கார வைத்துவிட்டார்கள். பஸ் கதவு பூட்டியிருந்தது. டிரைவரைக் காணோம். கைடு கல்லாவுக்குப் பின்னால் கடைக்காரரோடு உட்கார்ந்து கணக்குப் பார்த்துக்கொண்டிருந்ததை நான் என் கண்ணால் பார்த்தேன்.

வெளியே வந்து பார்த்தால் நிலா ஏறிவிட்டது. பஸ் நிறுத்துமிடத்தில், டிரான்ஸ்ஃபார்மருக்கு மேலே, முழு நிலா. தலைக்கு 2,000 ரூபாய் கூடுதலாகக் கொடுத்து நாங்கள் பார்த்த பௌர்ணமி அதுதான். அப்பா கைடிடம் போய், “தம்பி, பொழுது போயிட்டே, இனி எப்ப போக” என்று கேட்டார். “பெரியவரே, நிலா ராத்திரி பூரா இருக்கும், எங்கேயும் போயிடாது” என்று பதில்.

பிரண்டியாரா செக்போஸ்ட்டுக்குப் போனபோது நன்றாக இருட்டிவிட்டது. எல்லைப் பகுதி என்பதால் ரண்ணுக்குள் போக அனுமதிச் சீட்டு வேண்டும் என்பது உங்களுக்குத் தெரியாததா? ஆதார் நகலை எல்லாம் புக்கிங் அன்றே வாங்கி வைத்துக்கொண்டீர்களே, எதற்கு வாங்கினீர்கள்? கைடு நீட்டிய தாளில் இருந்தது எங்கள் பெயர்களே இல்லை. முந்தின குழுவின் பட்டியல். போலீஸ்காரர் டார்ச் அடித்து ஒவ்வொரு பெயராகக் கேட்டார், பஸ்ஸில் ஒருவரும் கை தூக்கவில்லை. கவுண்டர் மூடியாகிவிட்டது. ஆன்லைனில் எடுக்கிறேன் என்று கைடு போனை வைத்துக்கொண்டு ரோட்டில் அங்குமிங்கும் நடந்தார், சிக்னல் கிடைக்கவில்லை. பஸ்ஸைத் திருப்பிவிட்டார்கள். ஷோரூமில் உட்கார்ந்த நேரத்தில் செக்போஸ்ட்டுக்கு வந்திருந்தால் அங்கேயே சீட்டு எடுத்திருக்கலாம் என்று அந்தப் போலீஸ்காரரே சொன்னார்.

சரி, மறுநாள் காலையிலாவது கூட்டிப்போங்கள் என்று பஸ்ஸில் இருந்த அத்தனை பேரும் கேட்டோம். தோலாவிரா போக வேண்டியிருக்கிறது, நேரமில்லை என்றார் கைடு. காலோ டுங்கர் மலையையும் ரத்து செய்துவிட்டார். கட்ச்சிலேயே உயரமான இடம், 462 மீட்டர், அங்கே ஏறி நின்றாலாவது கீழே ரண் விரிந்து கிடப்பது தெரிந்திருக்கும்.

இனி நான் எழுதப்போவதை உங்கள் ஆபரேஷன்ஸ் பிரிவுத் தலைவருக்கும் படித்துக் காட்டுங்கள். காவ்டாவிலிருந்து தோலாவிரா போகும் ரோட்டில் இரண்டு பக்கமும் உப்பு. நீங்கள் விளம்பரத்தில் ‘சொர்க்கச் சாலை’ என்று போட்டிருக்கிறீர்களே, அதே ரோடு. அப்பாவின் சீட் ஜன்னலில் உங்கள் கம்பெனி விளம்பர ஸ்டிக்கர் ஒட்டியிருந்தது, வெளியிலிருந்து பார்த்தால் படம், உள்ளிருந்து பார்த்தால் பொட்டுப் பொட்டாக ஓட்டை. புரை எடுத்த கண். அந்த ஓட்டை வழியாகச் சாம்பலாக ஏதோ தெரிகிறது என்றார். உங்கள் கம்பெனி பெயரின் ஓர் எழுத்து சரியாக அவர் முகத்துக்கு நேரே, திருப்பிப் போட்ட மாதிரி. எழுந்து முன்னால் போய், “ஒரு நிமிசம் நிப்பாட்டுங்க தம்பி, இறங்கிக் காலை மட்டும் வச்சுட்டு வந்துருதேன்” என்று கேட்டார். எழுபதைத் தாண்டிய மனுஷர் ஓடுகிற பஸ்ஸில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்று கெஞ்சினார். நிறுத்தவில்லை. லஞ்ச் லேட் ஆகிவிடுமாம். ஷோரூமில் வீணாகாத நேரம் இங்கே வீணாகிவிடுமா?

இதைத்தான் அந்தச் சென்னை ஆள் போனில் எடுத்துப் பேசினார். “ரோட்டுல ரெண்டு பக்கமும் வெள்ளையாப் பார்த்தீங்கள்ல, அதுவும் ரண்தான் மேடம், சர்வீஸ் கொடுத்தாச்சு.” அதற்குப் பிறகுதான் தூத்துக்குடி உப்பு பேச்சு.

தோலாவிராவிலும் நடந்ததைக் கேளுங்கள். 2021இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்த ஹரப்பா காலத்து நகரம். பாறையைக் குடைந்து மழைநீரைத் தேக்கிய குளங்களைப் பார்த்து அப்பா அசந்துபோனார், உப்பளத்தில் தண்ணீர் தேக்கும் தெப்பத்தோடு ஒப்பிட்டு அம்மாவிடம் விளக்கிக்கொண்டிருந்தார். இந்தப் பயணத்தில் அவர் முகம் தெளிந்த ஒரே இடம். அதற்குள் விசில். அருங்காட்சியகமும் திட்டத்தில் உண்டு. ஆனால் நாங்கள் போனது வெள்ளிக்கிழமை. தொல்லியல் துறையின் தள அருங்காட்சியகங்களுக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை. இது ஊருக்கே தெரியும்போது, வருடா வருடம் இதே டூரை நடத்தும் உங்களுக்குத் தெரியாதா?

ஒன்றை விட்டுவிட்டேன். பில், ரசீது, போட்டோ எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு நேரில் வாருங்கள், மேனேஜர் பேசுவார் என்று மதுரைக் கிளையில் சொன்னார்கள். வேலைக்கு லீவு போட்டு, அப்பாவையும் கூட்டிக்கொண்டு தூத்துக்குடியிலிருந்து பஸ் ஏறிப் போனேன். மேனேஜர் லீவு. முன்பே சொல்ல ஒருவருக்கும் தோன்றவில்லை. பிளாஸ்டிக் நாற்காலியில் மதியம்வரை உட்காரவைத்துவிட்டு, கடைசியில் ஒரு பெண் ஊழியர் கோவா டூரில் 1,000 ரூபாய் தள்ளுபடி என்று ஒரு கூப்பனைக் கொண்டுவந்து கொடுத்தார். அந்தப் பெண்ணைக் குறை சொல்லவில்லை, அவர் ஒருவர்தான் அப்பாவுக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தவர். கூப்பனை இத்துடன் திருப்பி அனுப்பியிருக்கிறேன்.

எனக்கு ஆன நஷ்டத்தை எந்தப் பணத்தாலும் ஈடுகட்ட முடியாது. அப்பாவுக்கு இனி அவ்வளவு தூரம் போகும் உடம்பு இல்லை. ஒரு மனுஷனின் வாழ்நாள் ஆசையை ஒரு ஷோரூம் கமிஷனுக்காக நாசமாக்கிவிட்டீர்கள். எங்கள் குடும்பத்தின் நிம்மதியே போய்விட்டது. ஊரில் யாராவது “ரண் எப்படி இருந்துச்சு அண்ணாச்சி” என்று கேட்டால் அவர் பேச்சை மாற்றுகிறார்.

இருந்தாலும் சண்டை போடும் எண்ணம் எனக்கு இல்லை. நியாயமாகப் பேசித் தீர்த்துக்கொள்ளலாம் என்றே இப்போதும் நினைக்கிறேன். நான் கேட்பது: முழுக் கட்டணம் 65,700 ரூபாயும் திரும்ப வர வேண்டும். என் அப்பாவின் பெயருக்கு, தமிழில், உங்கள் கையெழுத்தோடு மன்னிப்புக் கடிதம் வர வேண்டும். போனில் அப்படிப் பேசிய ஆள் யார் என்பது உங்கள் அழைப்புப் பதிவிலேயே இருக்கும். பதிவு செய்யப்படுகிறது என்று ஒவ்வொரு தடவையும் சொல்லிவிட்டுத்தானே லைனைக் கொடுக்கிறீர்கள். அந்தப் பதிவை அழிக்காமல் வைத்திருங்கள். அடுத்த குழுவுக்காவது ஜன்னல் ஸ்டிக்கரைக் கிழித்துவிட்டு பஸ்ஸை அனுப்புங்கள்.

15 நாட்களுக்குள் பதில் வராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915இல் புகார் பதிவாகும். அடுத்து மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம். வழக்கு என்றால் சென்னையில்தான் என்று ரசீதின் பின்னால் பொடி எழுத்தில் போட்டிருக்கிறீர்கள். 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நான் குடியிருக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம், போடுவதற்கு இரண்டு வருடம் அவகாசமும் உண்டு, இந்தத் தொகைக்குக் கட்டணமும் கிடையாது. அங்கே நான் கேட்கப்போவது கட்டணத் தொகை மட்டுமாக இருக்காது, மன உளைச்சலுக்கு ஐந்து லட்சம் ரூபாய் நஷ்டஈடும் சேர்த்துத்தான். பஸ்ஸில் கூட வந்த மற்ற குடும்பங்களின் எண்களும் என்னிடம் இருக்கின்றன. கைடு வாட்ஸ்அப் குழுவைக் கலைத்துவிட்டால் நாங்களும் கலைந்துவிடுவோம் என்று நினைக்க வேண்டாம்.

தயவுசெய்து அந்த அளவுக்குக் கொண்டுபோகாதீர்கள். மதுரைக் கிளையைக் கேளுங்கள் என்ற பதில் மட்டும் மறுபடி வர வேண்டாம். பதிலை எழுத்தில், தூத்துக்குடி முகவரிக்கே அனுப்புங்கள்.

இப்படிக்கு,
தங்கள் வாடிக்கையாளர்

இணைப்பு: பணம் கட்டிய ரசீது, அச்சடித்த பயணத் திட்டம், பஸ் ஜன்னல் போட்டோ, ‘புகார் தீர்க்கப்பட்டது’ குறுஞ்செய்தியின் நகல், கோவா கூப்பன்.