டிஎல்எல் ஃபைலை நெட்ல தேடச் சொல்லாதீங்க சார்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன மாசம் உங்க கம்ப்யூட்டர் பக்கத்துல, மெயில் அனுப்பும்போது "மேப்பி32.டிஎல்எல் இல்லை"ன்னு மெசேஜ் வந்தா அந்த டிஎல்எல்லை, அதாவது பல சாஃப்ட்வேர் பொதுவா எடுத்துப் பயன்படுத்துற ப்ரோக்ராம் ஃபைலை, நெட்ல இருந்து டவுன்லோட் பண்ணி விண்டோஸோட சிஸ்டம்32 ஃபோல்டர்ல போட்டா சரியாயிடும்னு ஒரு குறிப்பு வந்துச்சு. நான் ஒரு சின்ன மொத்த வியாபாரக் கடையில கணக்கு பாக்குறவன், எங்க பில் சாஃப்ட்வேர்ல மெயில் பட்டனை அமுக்கினா அச்சு அசலா அதே மெசேஜ்தான் வந்துக்கிட்டு இருந்துச்சு, அதனால குறிப்பைக் கத்தரிச்சு மானிட்டர் ஓரத்துல ஒட்டி வச்சுக்கிட்டு அதுல சொன்ன மாதிரியே செஞ்சேன்.

பில் சாஃப்ட்வேர் சரியாகல. அது போகட்டும், அதுவரைக்கும் ஒழுங்கா ஓடிக்கிட்டிருந்த ஒண்ணும் சேந்து படுத்துருச்சு. ஃபைல் மேல ரைட் கிளிக் பண்ணி சென்ட் டூ, மெயில் ரெசிப்பியன்ட்னு குடுத்துதான் அவசரத்துக்குப் பில்லை பார்ட்டிக்கு அனுப்பிட்டு இருந்தேன், இப்ப அதுவும் கிடையாது.

சர்வீஸ் பண்ற தம்பி வந்து பாத்துட்டு சிரிச்சான். இந்த ஃபைல் மெயில் சாஃப்ட்வேருக்கு மட்டும் சொந்தம் இல்லண்ணே, பொதுச் சொத்துன்னான். வேர்டு, ஸ்கேனர், பில் சாஃப்ட்வேர் இதுல எதுக்கும் தானா மெயில் அனுப்பத் தெரியாதாம், எல்லாம் இந்த மேப்பி32 கிட்டதான் வந்து நிக்கும், இதுவும் அனுப்பாது, அடுக்குமாடி வாட்ச்மேன் மாதிரி விண்டோஸ் தன் செட்டிங்ஸை எழுதி வச்சிருக்குற ரிஜிஸ்ட்ரில எந்த மெயில் சாஃப்ட்வேர் டிஃபால்ட்னு பாத்து அவுட்லுக்கா தண்டர்பேர்டான்னு அந்த வீட்டுக்கு ஆளைக் கைகாட்டி விடும், அவ்வளவுதான் அதோட வேலை. எங்க கம்ப்யூட்டர்ல எப்பவோ ஒரு பழைய மெயில் சாஃப்ட்வேரைப் போட்டு எடுத்தப்ப இதைக் கெடுத்துட்டுப் போயிருக்கு.

இன்னொண்ணு சொன்னான், அதைக் கேட்டுத்தான் தலை சுத்திருச்சு. விண்டோஸ், சாஃப்ட்வேர்ல எல்லாம் பழைய 32 பிட், புது 64 பிட்னு ரெண்டு ரகம் இருக்காம், ஒண்ணோட டிஎல்எல் இன்னொண்ணுக்கு ஆகாதாம். 64 பிட் விண்டோஸ்ல சிஸ்டம்32ன்னு பேர் இருக்குற ஃபோல்டர்ல இருக்குறது 64 பிட் ஃபைலாம், 32 பிட் ஃபைல் இருக்குறது சிஸ்வாவ்64ங்கிற ஃபோல்டர்லயாம்! பேர் வச்ச புண்ணியவான் யாருன்னு தெரியல. எங்க பில் சாஃப்ட்வேர் 32 பிட், அது சிஸ்வாவ்64லதான் தேடும், நான் எடுத்துட்டு வந்ததும் 32 பிட் ஃபைல், ஆனா பேரை நம்பி சிஸ்டம்32ல கொண்டு போயி நல்லா இருந்த 64 பிட் ஃபைல் மேலயே போட்டுட்டேன். கெட்டது கெட்டபடியே கிடக்கு, நல்லா இருந்ததும் போச்சு.

அவன் எதையும் டவுன்லோட் பண்ணல. விண்டோஸுக்குள்ளயே ஃபிக்ஸ்மேப்பின்னு ஒரு குட்டி ப்ரோக்ராம் இருக்கு, கூடவே மேப்பிஸ்டப்னு நல்ல காப்பி ஒண்ணும் இருக்கு, ஃபிக்ஸ்மேப்பியை ஓட்டினா அந்தக் காப்பியை எடுத்து சரியான இடத்துல வச்சுடும். ரெண்டு ஃபோல்டர்லயும் தனித்தனியா ஒண்ணு இருக்கு, ரெண்டையும் ஓட்டினான். ஓடுச்சா இல்லையான்னு ஒரு மெசேஜ் கூட வரல, ஆனா பில் மெயில்ல ஒழுங்கா போச்சு. ஐநூறு ரூபா வாங்கிக்கிட்டான், வாங்கட்டும்.

நான் கேக்குறது என்னன்னா, "டிஃபால்ட் மெயில் கிளையன்ட் இல்லை"ன்னு வர்ற மெசேஜுக்கும் உங்க குறிப்புல இதே வைத்தியம்தான் போட்டிருந்தீங்க. அங்க ஃபைல் எதுவும் காணாம போகல சார், செட்டிங்ஸ்ல டிஃபால்ட் ஆப்ஸ் போயி மெயிலுக்கு அவுட்லுக்கோ தண்டர்பேர்டோ எது இருக்கோ அதைத் தேர்ந்தெடுத்துட்டு ஒரு தடவை பாத்துக்கணும். 2024 டிசம்பர் 31 ஓட விண்டோஸ் மெயில் ஆப்பையே மைக்ரோசாஃப்ட் நிறுத்திட்டாங்க, அதை நம்பி இருந்தவங்க இந்த மாதிரி மெசேஜைப் பாத்து முழிச்சா அவங்களும் உங்க குறிப்பைப் படிச்சுட்டு டிஎல்எல் தேடத்தான் போவாங்க. டிஎல்எல்ங்கிறது போட்டோ மாதிரி சும்மா கிடக்குற ஃபைல் இல்ல, ஓடுற ப்ரோக்ராம், யார் என்னத்தைச் சேத்து வச்சிருக்கான்னு நமக்கு எப்படித் தெரியும்? அதுலயும் மெயில் போற பாதையில! அவுட்லுக்கோட ஃபைல் போச்சுன்னா ஆபீஸை ரிப்பேர் குடுக்கணும், தண்டர்பேர்டுன்னா அதையே திரும்ப இன்ஸ்டால் பண்ணணும், விண்டோஸோடதுன்னா கெட்ட விண்டோஸ் ஃபைலைத் தேடிச் சரிபண்ற எஸ்எஃப்சி ஸ்கேன்நவ்ங்கிற கமாண்டை ஓட்டணும்னு நாலு வரி திருத்தம் அதே பக்கத்துல போடுங்க.

மானிட்டர்ல ஒட்டி வச்சிருந்த குறிப்பை அந்தத் தம்பி போகும்போது கிழிச்சு எடுத்துட்டுப் போயிட்டான், மத்த கடையில காட்டுறதுக்காம்.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகன்
ஈரோடு