நெருப்புள்ள இடத்தில் அமுக்கம் ஏறுவதில்லை, மகன்

கல்லடி,
மட்டக்களப்பு.

அன்பு மகன்,

நீ சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன். இங்கே நாங்கள் சுகம். கச்சான் காற்று அடித்து வளவெல்லாம் புழுதி. கிணற்றில் தண்ணீர் நன்றாக இறங்கிவிட்டது. மாமாங்கத் தீர்த்தத்துக்கு இம்முறையும் சரியான சனம். பெரியம்மா வீட்டு அலுவலும் நல்லபடி முடிந்தது. அதையெல்லாம் பிறகு எழுதுகிறேன்.

போன் எடுத்தால் "டியூட்டி அம்மா" என்று வைத்துவிடுகிறாய். முகத்தைக் காட்டு என்றால் கமரா பழுது என்கிறாய். சரி, வேலை கூடத்தான். நான் ஒன்றும் கேட்கவில்லை. நேரத்துக்குச் சாப்பிடு. அந்த வெயிலில் தண்ணீர் குடிக்க மறக்காதே. நான் எழுத வந்தது வேறு விஷயம்.

உன் மேசை லாச்சியைத் துடைக்கும்போது நீல மட்டைக் கொப்பி ஒன்று அகப்பட்டது. நடுப்பக்கத்தில் ஜெட் எஞ்சினை நீளவாட்டில் வெட்டிய படம். அதன் கீழே இரண்டு கோடுகள்: அமுக்கத்துக்கு நீலம், வெப்பநிலைக்குச் சிவப்பு. ஓரத்தில் உன் விரலின் எண்ணெய்க் கறை. அப்பாவுக்கும் கொப்பியெல்லாம் அப்படித்தான் இருக்கும். அன்றிரவு முழுக்க அதை வைத்துக்கொண்டு இருந்தேன்.

உயர்தர வகுப்புக்குப் பௌதிகவியல் படிப்பித்தவள் நான். மூடிய பாத்திரத்தில் வாயுவைச் சூடாக்கினால் அமுக்கம் ஏறும் என்று எத்தனை பிள்ளைகளுக்குச் சொல்லியிருப்பேன். உன் படத்தில் எரிபொருள் எரியும் தகன அறைக்குள் சிவப்புக் கோடு நட்டுக்கு நிற்கிறது. நீலக் கோடோ ஏறவே இல்லை, கொஞ்சம் சரிந்தும் போகிறது. பிள்ளை பிழையாகக் கீறிவிட்டானோ என்று முதலில் பார்த்தேன். பக்கத்திலேயே நீ "இங்கே அமுக்கம் ஏறாது" என்று எழுதி இரண்டு தரம் அடிக்கோடிட்டிருக்கிறாய்.

பிறகுதான் யோசித்தேன். அது மூடிய பாத்திரம் இல்லையே. முன்னால் கம்ப்ரசர் இடைவிடாமல் காற்றைத் தள்ளுகிறது. பின்னால் டர்பைன் பக்கம் வழி திறந்திருக்கிறது. சூடான வாயு விரிந்து, வேகம் கூடிப் பின்னுக்கு ஓடுகிறது. அமுக்கம் கூடிய இடத்திலிருந்து குறைந்த இடத்துக்குத்தான் வாயு தானாக ஓடும். தகன அறையில் அமுக்கம் ஏறினால் அது கம்ப்ரசர் பக்கம் அல்லவா திரும்பப் பாய்ந்துவிடும்? உராய்வாலும் கலக்கத்தாலும் சூடாக்குவதாலும் அங்கே நூற்றுக்கு மூன்று முதல் ஐந்து வரை அமுக்கம் குறைகிறது என்பது உன் கணக்கு. அப்படியென்றால் நீலக் கோட்டின் உச்சம் நெருப்புக்கு முன்னாலேயே வந்துவிடுகிறது. கம்ப்ரசர் முடிந்து, வழி அகன்று, காற்றின் வேகம் தணிகிற அந்தச் சிறிய இடம்தான் எஞ்சினிலேயே அமுக்கம் கூடிய இடம். இதை நீ எவ்வளவு தெளிவாகக் கீறியிருக்கிறாய் என்று எனக்குப் பெருமையாக இருந்தது. இவ்வளவு விளங்கியவனுக்கு வேறு என்ன விளங்காது?

கம்ப்ரசருக்குள் நெருப்பே இல்லாமல் வெப்பநிலை ஏறுவதை நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். சைக்கிள் பம்பை அடிக்கும்போது அடிப்பக்கம் சுடுகிற அதே கதைதான். உள்ளே வரும் காற்று 15 பாகை என்று வை, அதாவது 288 கெல்வின். அமுக்கம் 30 மடங்கு ஆனால் கெல்வின் அளவு ஏறக்குறைய 2.64 மடங்கு ஆகிறது. 760ஐத் தாண்டிவிடும், அதாவது 488 பாகை செல்சியஸ். எந்தக் கம்ப்ரசரும் முழுத் திறனோடு வேலை செய்யாது என்பதால் நிஜத்தில் 550 பக்கம் போகும். ஒரு சொட்டு எரிபொருள் எரிவதற்கு முன்னே இவ்வளவு சூடு!

அதே கணக்கை நம்ம ஊர்க் காற்றுக்குப் போட்டேன். 33 பாகை. வாசலில் 18 பாகைதான் கூட. அமுக்கம் ஏறும் மடங்கு மாறாமல் இருந்தால் கம்ப்ரசர் முடிவில் அது 48 பாகையாகப் பெருகி நிற்கிறது. நீ இருக்கும் ஷார்ஜாவில் 42 பாகை அடிக்கும் நாளில் 71 பாகை கூட. சூடான காற்றை அழுத்த அதிக வேலை தேவை, காற்றின் அடர்த்தியும் குறைவு, டர்பைனின் வெப்பநிலை எல்லையும் சீக்கிரம் வந்துவிடும். வெக்கை நாளில் விமானம் எழும்பக் கஷ்டப்படுவது இதனால்தான் என்று எனக்கு இப்போதுதான் முழுதாகப் பிடிபட்டது. எஞ்சினே இப்படித் தவிக்கும் வெக்கையில் நீ தார்த்தரையில் நின்று வேலை செய்கிறாய். தண்ணீர் குடி மகன். ஓவர்ஓல் போட்டவுடன் தாகம் தெரியாது என்று சொல்வாயே, தாகம் தெரியாவிட்டாலும் குடி.

தீச்சுவாலை இருக்கும் இடம் 2000 பாகையையும் தாண்டும். உள்ளே வரும் காற்றில் சிறு பங்குதான் எரிவதற்குப் போகிறது. மிச்சம் சுவர்களைக் காக்கவும் சுவாலையைத் தணிக்கவும் போகிறது. அப்படித் தணித்தும் பெரிய புது எஞ்சின்களில் டர்பைன் வாசலுக்கு 1500 பாகைக்கு மேல் வருகிறது. டர்பைனின் அலகுகள் (பிளேடுகள்) செய்த நிக்கல் கலப்புலோகமே 1300 சொச்சத்தில் உருகத் தொடங்கும். உருகாமல் காப்பது அலகின் உள்ளே ஓடி, நுண்ணிய துளைகளால் வெளியே வந்து படலமாக மூடுகிற காற்று. அந்தக் "குளிர்" காற்று எங்கேயிருந்து வருகிறது? கம்ப்ரசரில் இருந்து, ஐந்நூறு அறுநூறு பாகையில்! இதைப் படித்துவிட்டுத் தங்கச்சியைக் கூப்பிட்டுச் சொன்னேன். அவள் அடுப்பை அணைத்துவிட்டு வந்து கேட்டாள்.

டர்பைனில் இரண்டு கோடும் ஒன்றாக விழுகின்றன. வாயு தன் அமுக்கத்தையும் வெப்பத்தையும் கொடுத்துத் தண்டைச் சுற்றுகிறது, அந்தத் தண்டுதான் முன்னால் கம்ப்ரசரைச் சுற்றுகிறது. நீ வேலை செய்யும் 737இன் சி.எஃப்.எம். 56-7பி எஞ்சினை எடு. உயர் அமுக்கக் கம்ப்ரசர் ஒன்பது படி, அதாவது ஒன்பது அலகு வரிசை, அதைச் சுற்றும் டர்பைன் ஒரே ஒரு படி. ஏன்? கம்ப்ரசரில் காற்று குறைந்த அமுக்கத்திலிருந்து கூடிய அமுக்கத்துக்கு ஏறுமுகமாகப் போகிறது. ஒரு படியில் அதிகம் தள்ளினால் அலகை விட்டுப் பிரிந்து குழம்பிவிடும், மிஞ்சினால் பெரிய சத்தத்தோடு பின்னுக்கு அடிக்கும். டர்பைனில் வாயு இறங்குமுகம், ஒரே படியில் நிறைய இறக்கலாம். இந்த விடையை ஒரு தாளில் மூன்று வரியில் எழுதிப் பார். எழுதிப் பார்க்காமல் வாசித்தது போதும் என்று நினைக்கிற பழக்கம் உனக்குச் சின்னனிலேயே உண்டு. எத்தனை தரம் சொல்லியிருப்பேன்.

வெளியேறும் இடத்தில் மிச்ச அமுக்கமும் வாயுவின் வேகமாக மாறிவிடுகிறது. அது சுலபம், உனக்குத் தெரியும்.

இன்னொன்று உன் கொப்பியில் இருந்தது. டர்பைனின் முதல் அலகு இருக்கும் இடத்தில் வெப்பமானி நிலைத்து நிற்காது. அதனால் பின்னே, சூடு கொஞ்சம் இறங்கிய இடத்தில் வெப்பஇணைகள் என்ற உணரிகளை வைத்து அளந்து, முன்னே எவ்வளவு இருக்கும் என்று கணிக்கிறார்கள். விமானி பார்ப்பது அந்தப் பின்பக்க அளவைத்தானாம். இதை நான் திரும்பத் திரும்ப வாசித்தேன்.

மகன், உன் உரிமப் பரீட்சையில் எஞ்சினைப் பற்றிய பகுதி 15 பெரிய பகுதி. 75 எடுத்தால்தான் தேர்ச்சி என்றால் நான்கில் மூன்று சரியாக இருக்க வேண்டும். அது லேசான காரியம் இல்லை. எவருக்கும் லேசில்லை. ஜெட் எஞ்சினுக்கு 1930இல் காப்புரிமை கேட்ட ஃபிராங்க் விட்டிலை, உயரம் போதாது என்று விமானப்படையில் முதலில் எடுக்கவே இல்லை. திரும்பவும் விண்ணப்பித்துத்தான் 1923இல் பயிற்சிக்குச் சேர்ந்தார். அந்தக் காப்புரிமையைப் புதுப்பிக்க 1935இல் கையில் காசில்லாமல் விட்டுவிட்டார். 1937 ஏப்ரலில் எஞ்சினை ஓட்டிக் காட்டினார். அவர் ஒளிந்து இருக்கவில்லை. நீ உயர்தரப் பெறுபேறு வந்த அன்று மாமா வீட்டு மொட்டைமாடியில் போய் இருந்தாயே, அது எனக்கு இப்போது ஏன் ஞாபகம் வருகிறது என்று தெரியவில்லை. அன்றும் அப்பா மேலே ஏறி வந்து உன் பக்கத்தில் சும்மாதான் இருந்தார். ஒரு வார்த்தை கேட்டாரா?

தங்கச்சியோடு கோபிக்காதே. அவள் எனக்கு ஒன்றும் சொல்லவில்லை.

இம்மாதம் காசு அனுப்ப வேண்டாம். என் ஓய்வூதியம் போதும். கட்டணம் கட்ட வேண்டியது ஏதும் இருந்தால் அதற்கு வைத்துக்கொள். புத்தகம் வேண்டுமென்றால் வாங்கு, அதில் சிக்கனம் பார்க்காதே. நித்திரையிலும் சிக்கனம் பார்க்காதே. இரவு ஷிப்டில் இருந்து வந்து படிக்க உட்காராதே, படுத்து எழும்பிவிட்டுப் படி. காதுக்கு அடைப்பானைப் போடாமல் ஓடும் எஞ்சின் பக்கம் போகாதே. சாப்பிடு.

நம்ம விமான நிலையத்தில் இறங்கும் சின்னச் செஸ்னா விமானத்திலும் வாயுச் சுழலிதான், அதாவது இதே மாதிரி டர்பைன் எஞ்சின்தான் இருக்கிறதாம். அதில் காற்று பின்பக்கத்தால் நுழைந்து முன்னுக்கு ஓடுகிறது என்கிறார்கள். அப்படியென்றால் உன் இரண்டு கோடுகளையும் எந்தப் பக்கமிருந்து கீற வேண்டும்? அந்தப் படத்தைக் கீறிப் போனில் அனுப்பு. ஞாயிறு பின்னேரம் நான் வீட்டில்தான் இருப்பேன். கமரா வேண்டாம், குரல் போதும்.

அன்புடன்,
அம்மா