அந்த ஏட்டை ஒருமுறை முழுசாகக் காட்டுங்கள்

பழந்தமிழ்ச் சுவடியில் காலப்பயண விதிகள் இருப்பதாகக் காணொளி போடும் தம்பி தங்கைகளுக்கு,

வணக்கம். போன வாரம் என் அக்கா மகன் உங்கள் காணொளி ஒன்றை அனுப்பி, "மாமா, நீங்கதான் ஓலை படிப்பீங்களே, இது உண்மையா?" என்று கேட்டிருந்தான். 3000 ஆண்டுப் பழைய பனையோலைச் சுவடி, எழுதியவர் ஒரு சித்தர், காலத்தில் முன்னும் பின்னும் போய்வர ஏழு விதிகள். முழுவதும் பார்த்தேன். அதில் ஓலை கண்ணில் பட்டது நாலே நொடி. அந்த நாலு நொடியை நிறுத்தி நிறுத்திப் பார்த்த பிறகுதான் இதை எழுதுகிறேன்.

உங்கள் ஓலையில் மெய்யெழுத்துக்கெல்லாம் புள்ளி இருக்கிறது. சொல்லுக்குச் சொல் இடம் விட்டிருக்கிறது. 'ஏ' ஓசைக்கு இரட்டைக் கொம்பு போட்டிருக்கிறது. பழைய ஏடுகளில் பொதுவாகப் புள்ளி வைக்க மாட்டார்கள்; எழுத்தாணி குத்தினால் ஓலை கிழியும். சொற்களைப் பிரித்தும் எழுத மாட்டார்கள். இரட்டைக் கொம்பு 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த சீர்திருத்தம் என்பார்கள். அப்புறம், பழஞ்சுவடிகளில் 'ர'வுக்கும் துணைக்காலுக்கும் (ா) ஒரே வடிவம்தான். எங்கள் வீட்டில் பாட்டி பெட்டியில் இருந்த மருந்துச் சுவடியில் 'பரல' என்று கண்ணுக்குத் தெரிந்த ஓர் இடம் 'பால்' என்பதா, 'பரல்' என்பதா என்று முடிவுசெய்ய எனக்கு ஒரு மாலைப்பொழுது ஆனது. குழந்தைக்குக் கொடுக்கிற மருந்து அது. ஒரு சொல் பிசகினால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள்.

நம் ஊர் வெக்கைக்கும் பூச்சிக்கும் ஒரு பனையோலை முந்நூறு, நானூறு ஆண்டு தாங்கினாலே பெரிது. அதனால்தான் தலைமுறைக்குத் தலைமுறை புது ஓலையில் பெயர்த்து எழுதினார்கள். சங்கப் பாட்டும் நம் கைக்கு வந்தது இப்படிப் பெயர்த்து எழுதிய படிகளாகத்தான். ஒரு தலைமுறை சோம்பியிருந்தால் அதோடு அந்த நூல் போயிற்று. கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலுக்கு ஏடு தேடிப் போன உ.வே.சாமிநாதையரிடம், பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமத்தீயில் இட்டுவிட்டதாகச் சொன்னார்கள். தன் வரலாற்றில் அவரே அதை எழுதியிருக்கிறார். அப்படிப் போனவை போக, ஊர் ஊராக அலைந்து அவர் சேர்த்த படிகளை ஒன்றோடொன்று ஒப்பிட்டு 1887இல் சீவக சிந்தாமணி, 1892இல் சிலப்பதிகாரம், 1894இல் புறநானூறு என்று அச்சேற்றினார். படிக்குப் படி சொல் மாறியிருந்த இடங்களையும் குறித்தார். 'சுவடியில் இருக்கிறது' என்ற சொல்லுக்கு நம்மிடம் மதிப்பு இருக்கிறதென்றால், அது அந்த உழைப்பால் வந்த மதிப்பு. நீங்கள் செலவழிப்பது அதைத்தான்.

இது புதிதும் இல்லை. பரத்வாஜ முனிவர் அருளிய விமான நூல் என்று சொல்லும் 'வைமானிக சாஸ்திரம்' உங்களுக்குத் தெரிந்திருக்கும். கர்நாடகத்து ஆனேக்கல்லைச் சேர்ந்த சுப்பராய சாஸ்திரி 1918 முதல் 1923 வரை வாய்மொழியாகச் சொல்லச் சொல்ல எழுதப்பட்டது அது. 1974இல் பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தைச் சேர்ந்த ஐந்து பேர் அதை ஆராய்ந்து, 1904க்கு முற்பட்டதாக இருக்க முடியாது, அதில் உள்ள விமானம் எதுவும் பறக்காது என்று எழுதினார்கள். ஐம்பது ஆண்டு ஆகியும் அந்தக் கதை ஓயவில்லை. நம் சித்தர்கள் பேரிலும் இப்படி ஒன்று கிளம்பிவிட்டால் அதைத் திருத்த எத்தனை ஆண்டு ஆகும்?

காலப்பயணம் பற்றிக் கதை செய்யாதீர்கள் என்று நான் சொல்லவில்லை. நன்றாகச் செய்யுங்கள். கற்பனைச் சுவடி என்று முதல் வரியிலேயே போட்டுவிட்டு, ஏழு விதி என்ன, எழுபது விதி எழுதுங்கள், முதல் ஆளாக நான் பார்க்கிறேன். பழசிலிருந்துதான் எடுக்க வேண்டுமென்றால் விஷ்ணு புராணத்தில் ரைவத மன்னன் கதை இருக்கிறது. மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போனவன், அங்கே ஒரு பாட்டு முடியட்டும் என்று காத்திருக்கிறான். அதற்குள் பூமியில் யுகங்கள் ஓடிவிட்டன, அவன் மனத்தில் வைத்திருந்த மாப்பிள்ளைகளின் வம்சமே இல்லை. இதை யாரும் விதி என்று சொல்லவில்லை, கதையாகத்தான் சொன்னார்கள்.

காலத்தைப் பற்றித் தமிழில் உண்மையிலேயே ஒரு விதி வேண்டுமா? தொல்காப்பியத்தில் இருக்கிறது. சாப்பிடக் கூப்பிட்டால் எழுந்திருக்கும் முன்னாலேயே "இதோ வந்துட்டேன்" என்கிறோமே, வராத வரவை வந்ததாகச் சொல்கிறோமே, அதைக் கவனித்து, விரைவைக் காட்ட எதிர்காலத்தை இறந்தகாலமாகச் சொல்வதுண்டு என்று நூற்பா எழுதி வைத்திருக்கிறார் தொல்காப்பியர். இன்றைக்கும் நம் ஒவ்வொரு வீட்டிலும் நடக்கிற காலப்பயணம் இது. இதைக் காணொளியாக எடுக்க உங்களைவிட யாருக்கு நன்றாக வரும்?

உங்களிடம் நிஜமாகவே ஒரு ஏடு இருந்தால், முழு ஏட்டையும் முன்னும் பின்னும் நிதானமாகக் காட்டுங்கள். எங்கே கிடைத்தது, எத்தனை ஏடு, எங்கே சிதைந்திருக்கிறது என்று சொல்லுங்கள். படிக்க நான் வருகிறேன், காசு வேண்டாம். இல்லையென்றால் அந்தக் காணொளியின் தலைப்பிலேயே 'கற்பனை' என்று சேர்த்துவிடுங்கள்.

அதோடு ஒருநாள் எங்கள் வீட்டுக்கும் வாருங்கள். அந்த மருந்துச் சுவடியில் மூன்றாவது ஏட்டில், திப்பிலி என்ற சொல்லுக்கு அடுத்து, அளவு எழுதியிருந்த இடத்தில் ஒரு பூச்சித் துளை. எவ்வளவு திப்பிலி என்று தெரியாமல் அந்த மருந்து அப்படியே நிற்கிறது. அதே மருந்து வேறு யார் வீட்டுப் பரணிலாவது ஓலையில் கிடக்கலாம். உங்களைப் பார்ப்பவர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள், கேட்டுப் பாருங்களேன்.

அன்புடன்,
ஓலை படிக்கும் ஒரு மாமா